வெளிச்சமும் தூக்கமும்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

தூக்கம் சரியில்லை என்று யாராவது சொல்லத் தொடங்கினால், பேச்சு ஒரு நிமிடத்துக்குள் கைபேசியில் வந்து நின்றுவிடுகிறது. கைபேசிக்கு இதில் பங்கு உண்டுதான். ஆனால் கூரை விளக்குக்கும், பகல்பொழுதை எங்கே கழிக்கிறோம் என்பதற்கும் உள்ள பங்கு அதைவிடப் பெரிது. நண்பர்களும் உறவினர்களும் திரும்பத் திரும்பக் கேட்ட ஐயங்களை, அவர்கள் கேட்ட விதத்திலேயே இங்கே தொகுத்திருக்கிறேன். ஒரு முறை விளக்கியதை மீண்டும் விளக்காமல் முந்தைய பதிலைச் சுட்டியிருப்பதால், மேலிருந்து படித்து வருவது நல்லது.

1. களைத்துப்போனால் தூக்கம் தானாக வந்துவிடப்போகிறது. இதில் வெளிச்சத்துக்கு என்ன வேலை?

களைப்பு பாதிக் காரணம்தான். விழித்திருக்கும் நேரம் கூடக்கூட மூளையில் அடினோசின் போன்ற பொருள்கள் சேர்ந்து தூக்கத்தின் அழுத்தத்தை ஏற்றுகின்றன. அந்த அழுத்தத்துக்கு உடல் எந்த நேரத்தில் இடம் கொடுக்கும் என்பதை உடல் கடிகாரம் தீர்மானிக்கிறது. இரவு முழுவதும் கண்விழித்தவருக்கு விடியற்காலையில் தாங்க முடியாத தூக்கமும், காலை பத்து மணிக்கு ஓரளவு தெளிவும் வருவது இதனால்தான். விழித்திருந்த நேரம் கூடியிருக்கிறது; தூக்கக் கலக்கமோ குறைந்திருக்கிறது.

அந்தக் கடிகாரம் மூளையின் அடிப்பகுதியில், இரு கண்களின் பார்வை நரம்புகளும் குறுக்கிடும் இடத்துக்குச் சற்று மேலே, ஏறக்குறைய 20,000 நரம்பணுக்கள் கொண்ட சிறு தொகுப்பாக அமைந்திருக்கிறது. வெளியுலகத் தொடர்பு இல்லாமல் விட்டால் அது ஒரு சுற்றை முடிக்கச் சராசரியாக 24.2 மணி நேரம் எடுத்துக்கொள்கிறது. அதாவது, பெரும்பாலானவர்களின் கடிகாரம் நாளொன்றுக்குப் பத்து நிமிடத்துக்கு மேல் பின்தங்கப் பார்க்கிறது. உணவு நேரமும் உடலுழைப்பும் இதைத் திருத்த ஓரளவு உதவினாலும், முதன்மையான திருத்தம் கண் வழியாக வரும் ஒளியால்தான் நடக்கிறது.

2. உடல் கடிகாரம் என்பது பேச்சுக்குச் சொல்வதா, உண்மையிலேயே நிரூபிக்கப்பட்டதா?

நிரூபிக்கப்பட்டது, அதுவும் நீண்ட காலத்துக்கு முன்பே அதன் தடம் தெரிந்துவிட்டது. 1729இல் பிரெஞ்சு வானியலாளர் மெய்ரான், தொட்டாற்சுருங்கிச் செடியை இருட்டில் வைத்துப் பார்த்தார். சூரியனைக் காணாத நிலையிலும் அதன் இலைகள் பகலில் விரிந்து இரவில் கூம்பின. தாளம் செடிக்குள்ளேயே இருக்கிறது என்பதற்கு அதுவே முதல் சான்று. பழ ஈக்களின் மரபணுக்களைக் கொண்டு இந்தத் தாளம் உயிரணுவுக்குள் எப்படி உண்டாகிறது என்று விளக்கிய ஜெஃப்ரி ஹால், மைக்கேல் ரோஸ்பாஷ், மைக்கேல் யங் மூவருக்கும் 2017ஆம் ஆண்டின் மருத்துவ நோபல் பரிசு கிடைத்தது.

3. கண் பார்ப்பதற்குத்தானே? நேரம் பார்ப்பதும் கண்தானா?

ஆம். விழித்திரையில் உருவங்களையும் நிறங்களையும் உணரும் குச்சியணுக்களும் கூம்பணுக்களும் இருப்பது பள்ளிப் பாடத்தில் வருவது. அவற்றைத் தவிர மெலனாப்சின் என்ற நிறமியைக் கொண்ட மூன்றாவது வகை அணுக்களும் அங்கே இருக்கின்றன; அவை தாமாகவே ஒளியை உணர்கின்றன என்பது 2002இல்தான் உறுதியாயிற்று. இவற்றின் முதன்மை வேலை உருவம் காட்டுவதன்று. சுற்றுப்புறம் எவ்வளவு வெளிச்சமாக இருக்கிறது, எவ்வளவு நேரமாக அப்படி இருக்கிறது என்ற தகவலை முதல் பதிலில் சொன்ன கடிகாரத்துக்கு நேரடியாக அனுப்புகின்றன.

மெலனாப்சின் ஏறக்குறைய 480 நானோமீட்டர் அலைநீளமுள்ள நீல ஒளிக்குத்தான் மிக வலுவாகப் பதிலளிக்கிறது. நீல ஒளியைப் பற்றிய இன்றைய பேச்சு முழுவதற்கும் மூலம் இதுதான். ஆனால் நீலம் என்றால் கண்ணுக்கு நீலமாகத் தெரிய வேண்டும் என்பதில்லை. நண்பகல் வானத்தின் வெளிச்சத்திலும் வெள்ளை எல்.இ.டி. விளக்கிலும் அது மற்ற நிறங்களோடு கலந்தே வருகிறது.

4. அப்படியானால் பார்வை இல்லாதவர்களுக்குத் தூக்கம் கலைந்துபோகுமா?

பார்வை எதனால் போயிற்று என்பதைப் பொறுத்தது. குச்சியணுக்களும் கூம்பணுக்களும் மட்டும் அழிந்து, மெலனாப்சின் அணுக்கள் பிழைத்திருப்பவர்களில் சிலருக்கு, எதையும் காண முடியாத நிலையிலும் ஒளி கடிகாரத்தைத் திருத்துகிறது. ஆகவே, அவர்களும் பகலில் வெளிச்சத்துக்கு வருவது பயனுள்ளதே.

ஒளியுணர்வு முழுவதும் இல்லாதவர்கள் பலருக்குத் தூக்க நேரம் நாளுக்கு நாள் தள்ளிக்கொண்டே போய், சில வாரங்களில் பகல் இரவாகிப் பின் மீண்டும் சரியாகும் ஒரு கோளாறு ஏற்படுகிறது. குறித்த நேரத்தில் கொடுக்கும் மெலடோனின் (அடுத்த பதிலில் வரும் சுரப்புநீர்) இவர்களுக்கு உதவக்கூடும் என்பதால் மருத்துவரிடம் கேட்பது நல்லது.

5. மெலடோனின் மாத்திரை போட்டுக்கொண்டால் போகிறது, இதற்கு ஏன் இவ்வளவு யோசனை?

மெலடோனின் தூங்கவைக்கும் மருந்து என்பதைவிட, இரவு வந்துவிட்டது என்று உடலுக்கு அறிவிக்கும் செய்தி என்று கொள்வதே பொருத்தம். வழக்கமாகத் தூங்கும் நேரத்துக்கு இரண்டு மணி நேரம் முன்பு மூளையின் கூம்புச் சுரப்பி அதைச் சுரக்கத் தொடங்குகிறது. வெளிச்சம் பட்டால் அந்தச் சுரப்பு அடங்கிவிடும். பிரகாசமான அறையில் அமர்ந்தபடி மாத்திரையை விழுங்குவது, உடலுக்கு ஒரே நேரத்தில் இரண்டு முரண்பட்ட செய்திகளைச் சொல்வதாகும். எடுத்துக்கொள்ளும் நேரம் பிசகினால் கடிகாரம் வேண்டாத திசையில் நகரவும் கூடும்.

6. என் வீட்டில் நல்ல வெளிச்சம்தான். பகலில் வெளியே போகத்தான் வேண்டுமா?

எண்களைப் பார்த்தால்தான் இது விளங்கும். ஒளியின் அளவை லக்ஸ் என்ற அலகால் குறிப்பார்கள். முழுநிலவின் ஒளி ஒரு லக்ஸுக்கும் குறைவு. மாலையில் விளக்கேற்றிய கூடம் பெரும்பாலும் 50 முதல் 200 லக்ஸ். அலுவலகம் 300 முதல் 500. மேகம் மூடிய நாளில் திறந்த வெளியிலோ பல ஆயிரம் லக்ஸ் இருக்கும். நேரடி வெயில் ஒரு லட்சத்தைத் தொடும். வீட்டுக்குள் நன்றாகத் தெரிகிறது என்று நாம் நினைப்பதற்குக் காரணம், கண் தன்னை வெளிச்சத்துக்கு ஏற்ப மிகத் திறமையாகச் சரிசெய்துகொள்வதுதான். ஐம்பது மடங்கு வேறுபாடு நமக்கு இரண்டு மூன்று மடங்காகக்கூடத் தோன்றுவதில்லை. கடிகாரம் அவ்வளவு எளிதில் ஏமாறுவதில்லை.

இத்துறை ஆய்வாளர்கள் பலர் சேர்ந்து 2022இல் வெளியிட்ட பரிந்துரை, மெலனாப்சின் உணரும் அளவைக் கணக்கிட்டுச் சொல்கிறது: பகல் முழுவதும் கண்ணருகே குறைந்தது 250 லக்ஸ், தூங்குவதற்கு முந்தைய மூன்று மணி நேரத்தில் 10 லக்ஸுக்கு மிகாமல், தூங்கும்போது 1 லக்ஸுக்கு மிகாமல். நம்மில் பலர் பகலில் முதல் எல்லையைத் தொடுவதில்லை, மாலையில் இரண்டாம் எல்லைக்குள் நிற்பதுமில்லை. பகலில் போதிய வெளிச்சமும் இல்லை, இரவில் போதிய இருட்டும் இல்லை என்ற இந்த வாழ்க்கைதான் என் பார்வையில் முதன்மையான சிக்கல்.

7. காலை வெளிச்சம் நல்லது என்கிறார்கள். எத்தனை மணிக்கு, எவ்வளவு நேரம்?

ஒரே அளவு ஒளி, படும் நேரத்தைப் பொறுத்து எதிரெதிரான விளைவுகளைத் தருகிறது. உடல் வெப்பநிலை இரவில் ஒரு கட்டத்தில் மிகக் குறைவாக இருக்கும். அது பெரும்பாலானவர்களுக்கு வழக்கமாக எழும் நேரத்துக்கு ஏறக்குறைய இரண்டு மணி நேரம் முன்பு நிகழ்கிறது. அதற்குப் பின் வரும் ஒளி கடிகாரத்தை முன்னே இழுக்கிறது. அன்றிரவு தூக்கம் சற்று முன்னதாக வரும். அதற்கு முன் வரும் ஒளி, அதாவது மாலையும் முன்னிரவும் படும் ஒளி, கடிகாரத்தைப் பின்னே தள்ளுகிறது. இந்த ஒரு விதியை மனத்தில் வைத்துக்கொண்டால் கீழே வரும் கேள்விகளில் பாதிக்கு விடை தானாகக் கிடைக்கும்.

எழுந்த ஒன்றிரண்டு மணி நேரத்துக்குள் அரை மணி நேரம் திறந்த வெளியில் இருப்பது நல்ல இலக்கு; மேகமூட்டமான நாளென்றால் இன்னும் சற்றுக் கூடுதலாக இருக்கலாம். நடக்கலாம், அமர்ந்திருக்கலாம், செய்தித்தாள் படிக்கலாம்.

8. சூரியனையே நேராகப் பார்க்க வேண்டும் என்று ஒரு காணொளியில் சொன்னார்களே?

வேண்டவே வேண்டாம். சூரியனை உற்றுப் பார்த்தால் விழித்திரையின் நடுப்பகுதி கருகிப் பார்வை நிலையாகக் குறைந்துபோகலாம். அப்போது வலிகூடத் தெரியாது. மெலனாப்சின் அணுக்கள் விழித்திரை முழுவதும் பரவியிருப்பதால், வானத்திலிருந்தும் சுற்றுப்புறத்திலிருந்தும் சிதறி வரும் வெளிச்சமே போதும்.

9. ஜன்னலோரம் உட்கார்ந்தால் போதாதா?

கடிகாரத்துக்குப் பயன்படும் ஒளி கண்ணாடி வழியே வரும் என்பதால், ஜன்னலை ஒட்டி அமர்வது பயனுள்ளதே. ஆனால் தூரம் முக்கியம். ஜன்னலருகே ஆயிரம் லக்ஸைத் தாண்டும் வெளிச்சம் மூன்று நான்கு மீட்டர் உள்ளே போனால் நூறு இருநூறாகச் சுருங்கிவிடுவது சாதாரணம். மேசையை நகர்த்துவதற்குச் செலவில்லை.

வைட்டமின் டி இதிலிருந்து வேறுபட்டது. அதைத் தோலில் உண்டாக்கும் புற ஊதாக் கதிர்களைச் சாதாரண ஜன்னல் கண்ணாடி தடுத்துவிடுகிறது. எனவே ஜன்னலோரம் அமர்பவருக்குக் கடிகாரம் சரியாகலாம், வைட்டமின் டி கிடைக்காது.

10. எல்லாவற்றுக்கும் மொபைல்தானே காரணம்? நைட் மோடு போட்டுவிட்டேன், இனி கவலை இல்லைதானே?

2015இல் வெளியான, அடிக்கடி மேற்கோள் காட்டப்படும் ஓர் ஆய்வை முழுமையாகப் பார்ப்போம். பன்னிரண்டு பேர், ஐந்து இரவுகள் தொடர்ந்து, மங்கலான அறையில், முழுப் பிரகாசத்தில் வைத்த பலகைக் கணினியில், தூங்குவதற்கு முன் நான்கு மணி நேரம் நூல் படித்தார்கள். அச்சுப் புத்தகம் படித்த இரவுகளோடு ஒப்பிட்டபோது அவர்களுடைய மெலடோனின் சுரப்பு மறுநாள் ஏறத்தாழ ஒன்றரை மணி நேரம் தாமதமாகத் தொடங்கியது. தூங்கிப்போக எடுத்துக்கொண்ட நேரமோ ஏறக்குறைய பத்து நிமிடம்தான் கூடியது. விளைவு உண்மை, ஆனால் செய்திகள் சொல்லும் அளவுக்குப் பயங்கரமானதன்று. நான்கு மணி நேரம், முழுப் பிரகாசம் என்ற நிபந்தனைகளையும் மறக்கக் கூடாது.

கைபேசித் திரை கண்ணுக்குத் தரும் ஒளி பெரும்பாலும் சில பத்து லக்ஸுக்குள் அடங்கும். அதே நேரம் தலைக்கு மேல் எரியும் வெள்ளை விளக்கு அதைப்போல் பல மடங்கு தந்துகொண்டிருக்கும். கூரை விளக்கை எரியவிட்டுக் கைபேசியில் மட்டும் நைட் மோடு போடுவது, ஓட்டைப் படகில் சின்னத் துளையை மட்டும் அடைப்பது போன்றது. நைட் மோடு நிறத்தை மாற்றுகிறது; பிரகாசத்தைக் குறைப்பது அதைவிடப் பயன் தரும், இரண்டையும் சேர்த்துச் செய்யலாம்.

கைபேசி தூக்கத்தைக் கெடுக்கும் பெரிய வழி ஒளியே அன்று என்பது என் கருத்து. முடிவில்லாமல் வந்துகொண்டேயிருக்கும் காட்சிகளும், பதில் எழுதியே ஆக வேண்டிய செய்திகளும் தூங்கும் நேரத்தைத் தள்ளிப்போடுகின்றன. அதற்கு எந்த நிற வடிகட்டியும் மருந்தாகாது.

11. நீல ஒளியைத் தடுக்கும் கண்ணாடி வாங்கலாமா?

கணினிக் களைப்பு நீங்கும் என்ற நம்பிக்கையில் வாங்குவதாக இருந்தால் வேண்டாம். 17 சோதனைகளைத் தொகுத்து மருத்துவ ஆய்வுகளைத் தொகுத்து மதிப்பிடும் காக்ரேன் அமைப்பு 2023இல் வெளியிட்ட மதிப்பாய்வு, இத்தகைய கண்ணாடிகள் சாதாரணக் கண்ணாடிகளைவிடக் கண் களைப்பைக் குறுகிய காலத்தில் குறைப்பதாகத் தெரியவில்லை என்றும், தூக்கத்தில் அவற்றின் விளைவு தெளிவாக இல்லை என்றும் முடிவு கூறியது. ஏறக்குறைய நிறமற்றுத் தெரியும் அந்த வில்லைகள் நீல ஒளியில் சிறு பகுதியையே தடுக்கின்றன. அடர்ந்த ஆரஞ்சு நிறக் கண்ணாடிகள் வேறு வகை. அவை உண்மையில் பெரும்பகுதியைத் தடுக்கும். விளக்கை அணைக்க முடியாத இடத்தில் இருப்பவர்களுக்கு அவை உதவலாம். அணைக்க முடிந்தவர்கள் அணைத்துவிடலாமே.

12. மஞ்சள் விளக்குக்கு மாறினால் போதுமா?

உதவும், ஆனால் அது பாதி வேலை. விளக்கின் பெட்டியில் 2700 கெல்வின் என்றிருந்தால் மஞ்சள் சாயல், 6500 என்றிருந்தால் நீலம் கலந்த வெண்மை. ஒரே பிரகாசத்தில் முதல் வகை மெலனாப்சினைக் குறைவாகத் தூண்டும். ஆனால் மிகப் பிரகாசமான மஞ்சள் விளக்கு, மங்கலான வெள்ளை விளக்கைவிட அதிகம் தூண்டும். எனவே மாலையில் நிறத்தோடு அளவையும் இடத்தையும் கவனியுங்கள். கூரையில் எரியும் விளக்கை அணைத்து, சுவரோரத்தில் தாழ்வாக, கண்ணில் நேரடியாகப் படாதபடி ஒன்றிரண்டு சிறிய விளக்குகளை வைத்தால், அறையில் நடமாடப் போதிய வெளிச்சம் இருந்தும் கண்ணுக்குள் போவது வெகுவாகக் குறையும்.

13. கண்ணை மூடித்தானே தூங்குகிறோம், விளக்கு எரிந்தால் என்ன?

இமை ஒளியை முழுவதும் தடுப்பதில்லை. சிவப்பு ஒளியில் ஒரு பங்கும், மற்ற நிறங்களில் மிகச் சிறிதும் உள்ளே போகும். 2022இல் வெளியான ஒரு சிறிய ஆய்வில், 100 லக்ஸ் வெளிச்சத்தில் ஓர் இரவு தூங்கிய இளைஞர்களுக்கு, இருட்டில் தூங்கியவர்களைவிட இரவில் இதயத்துடிப்பு கூடியிருந்ததும், மறுநாள் காலையில் இன்சுலினுக்கு உடல் பதிலளிப்பது குறைந்திருந்ததும் தெரியவந்தது. ஓர் இரவின் விளைவை வைத்து வாழ்நாள் முழுவதற்கும் முடிவு சொல்ல முடியாது என்றாலும், இருட்டில் தூங்குவது செலவில்லாத முன்னெச்சரிக்கை.

இரவில் எழுந்து நடக்க வேண்டிய முதியவர்கள் உள்ள வீட்டில் முழு இருட்டு ஆபத்து. இடறி விழுவதால் வரும் இடுப்பு முறிவு, மெலடோனின் குறைவதைவிட எத்தனையோ மடங்கு கொடியது. தரையை ஒட்டி, படுக்கையிலிருந்து நேராகக் கண்ணில் படாதபடி, மங்கலான சிவப்பு அல்லது ஆரஞ்சு விளக்கு வைக்கலாம்.

14. என் பையன் பத்தாம் வகுப்பு. இரவு ஒரு மணிக்குத்தான் தூங்குகிறான், காலையில் எழுப்பவே முடியவில்லை. சோம்பேறித்தனம்தானே?

முழுவதும் அப்படிச் சொல்ல முடியாது. பருவமடையும் வயதில் உடல் கடிகாரம் இயல்பாகவே பின்னோக்கி நகர்கிறது. அதோடு மாலை வெளிச்சமும், விடுமுறை நாளில் நண்பகல்வரை திரையிட்ட அறையில் தூங்குவதும் சேர்ந்தால் தாமதம் இரட்டிப்பாகும். கண்டிப்பதைவிட, ஏழாம் பதிலில் சொன்ன விதியைப் பின்பற்றுவது பலன் தரும்: எழுந்தவுடன் ஜன்னல் திரையை விலக்குங்கள், முடிந்தால் வெளியே அனுப்புங்கள், விடுமுறையிலும் எழும் நேரம் ஒரு மணி நேரத்துக்கு மேல் தள்ளிப்போகாமல் பாருங்கள்.

சிறு குழந்தைகளின் கண்மணி பெரிது, விழிவில்லையும் தெளிவானது. ஆகவே ஒரே விளக்கின் ஒளி பெரியவர்களைவிட அவர்களை அதிகம் பாதிக்கிறது. அவர்களுக்குப் பகல் வெளிச்சத்தால் இன்னொரு நன்மையும் உண்டு. சீனாவின் குவாங்சோ நகரப் பள்ளிகளில் நடத்தி 2015இல் வெளியிட்ட ஆய்வில், நாள்தோறும் கூடுதலாக 40 நிமிடம் வெளியில் செலவிட்ட குழந்தைகளிடம் கிட்டப்பார்வை புதிதாகத் தோன்றுவது மூன்று ஆண்டுகளில் குறைந்திருந்தது.

15. என் மாமியார் மாலை ஏழரைக்கே தூங்கி விழுகிறார், விடியற்காலை மூன்று மணிக்கு எழுந்துவிடுகிறார். காலை வெயிலில் உட்காரச் சொல்லலாமா?

இவருக்கு அது எதிர்மாறான ஆலோசனை. கடிகாரம் ஏற்கெனவே முன்னே போயிருப்பதால், அதிகாலை ஒளி இன்னும் முன்னே இழுக்கும். மாலை ஐந்து மணிக்கு மேல் வெளியில் நடப்பதும், இரவு எட்டு ஒன்பது மணிவரை நல்ல வெளிச்சத்தில் இருப்பதும், விடியற்காலையில் எழுந்தால் பெரிய விளக்குகளைப் போடாமல் இருப்பதும்தான் பொருத்தம்.

வயதாக ஆக விழிவில்லை மஞ்சளாகி நீல ஒளியை வடிகட்டத் தொடங்குவதால், முதியவர்களுக்குப் பகலில் கூடுதல் வெளிச்சம் தேவைப்படுகிறது என்பதையும் கவனத்தில் கொள்ளுங்கள்.

16. நான் பிறவியிலேயே இரவு விழிப்பவன். வெளிச்சத்தால் அதை மாற்ற முடியுமா?

மரபணுவின் பங்கு உண்மை, ஆனால் நாம் நினைப்பதைவிடக் குறைவு. கொலராடோ மலைப்பகுதியில் ஒரு சிறு குழுவினர் ஒரு வாரம் மின்விளக்கே இல்லாமல் கூடாரத்தில் தங்கிய ஆய்வு 2013இல் வெளியாயிற்று. அவர்களுடைய உடல் கடிகாரம் சராசரியாக இரண்டு மணி நேரம் முன்னே நகர்ந்தது. தாமதமாகத் தூங்குபவர்களிடம் மாற்றம் கூடுதலாக இருந்ததால், அவர்களுக்கும் முன்னதாகத் தூங்குபவர்களுக்கும் இடையிலிருந்த இடைவெளியும் குறுகியது. கூடாரம் தேவையில்லை, பகலையும் இரவையும் தெளிவாகப் பிரிப்பதே தேவை.

17. எனக்கும் கணவருக்கும் ஒரே அறை, ஒரே விளக்கு. அவர் படுத்தவுடன் தூங்கிவிடுகிறார், எனக்கு மட்டும் ஏன் இப்படி?

ஒளியுணர்வு ஆளுக்கு ஆள் வியக்கத்தக்க அளவு வேறுபடுகிறது. மெலடோனின் பாதியாகக் குறையத் தேவைப்படும் மாலை வெளிச்சம், மிகக் கூருணர்வு உள்ளவருக்கும் மிகக் குறைவாக உள்ளவருக்கும் இடையே 50 மடங்குக்கு மேல் மாறுபடுவதாக 2019இல் வெளியான ஆய்வு காட்டியது. சராசரியாக 30 லக்ஸுக்கும் குறைந்த ஒளியே அதற்குப் போதுமானதாக இருந்தது. அவருக்கு ஒன்றும் ஆகவில்லை என்பதால் உங்களுக்கும் ஆகாது என்று முடிவு கட்ட முடியாது.

பகலை எங்கே கழித்தீர்கள் என்பதும் ஒரு காரணம். பகலில் மிகுந்த வெளிச்சத்தில் இருந்தவரை மாலை விளக்கு குறைவாகவும், பகல் முழுவதும் மங்கலான அறையில் இருந்தவரை அதே விளக்கு அதிகமாகவும் பாதிக்கிறது. அவர் வெளியில் வேலை செய்பவராகவும் நீங்கள் உள்ளே இருப்பவராகவும் இருந்தால், விடையின் ஒரு பகுதி அங்கே இருக்கக்கூடும்.

18. இரவுப் பணியில் இருப்பவர்கள் என்ன செய்வது? எங்களுக்கு இந்த ஆலோசனை எதுவும் பொருந்தவில்லை.

நியாயமான குறை. உலக சுகாதார நிறுவனத்தின் கீழுள்ள புற்றுநோய் ஆய்வு முகமை, உடல் கடிகாரத்தைக் குலைக்கும் பணிமுறையை 2007இல் ‘அநேகமாகப் புற்றுநோய் உண்டாக்கக்கூடியவை’ என்ற 2ஏ பிரிவில் சேர்த்தது. 2019இல் இரவுப் பணியை மறு ஆய்வு செய்தபோதும் அதே பிரிவைத்தான் முடிவு செய்தது. எனவே இதைத் தனிமனித ஒழுங்கின் பிரச்சினையாக மட்டும் சுருக்கிவிடக் கூடாது. பணி நேர அட்டவணையை வகுப்பவர்களுக்கும் இதில் பொறுப்பு உண்டு.

தொடர்ந்து பல வாரங்கள் இரவுப் பணி என்றால், பணியின் முற்பாதியில் பிரகாசமான வெளிச்சத்தில் இருப்பதும், வீடு திரும்பும்போது கருப்புக் கண்ணாடி அணிவதும், முழு இருட்டாக்கிய அறையில் தூங்குவதும் கடிகாரத்தைப் பின்னே நகர்த்த உதவும். தூக்கக் கலக்கத்தோடு வண்டி ஓட்டுபவர் மட்டும் அந்தக் கண்ணாடியைத் தவிர்க்க வேண்டும். வேறொருவர் ஓட்டுவது இன்னும் நல்லது. வாரத்துக்கு வாரம் மாறும் பணியென்றால் கடிகாரத்தை நகர்த்த முயல்வது வீண். அவர்களுக்குத் தூங்கும் அறையின் இருட்டும், பணிக்கு முன் ஒரு குட்டித் தூக்கமுமே உதவும்.

19. விமானத்தில் கிழக்கே போனால்தான் அதிகம் படுத்துகிறது. இறங்கியவுடன் வெயிலில் நின்றால் சரியாகிவிடுமா?

கிழக்கே போகும்போது கடிகாரத்தை முன்னே இழுக்க வேண்டியிருக்கிறது. பின்தங்குவதே இயல்பாக உள்ள கடிகாரத்துக்கு அது கடினம். நாளொன்றுக்கு ஏறக்குறைய ஒரு மணி நேரம்தான் நகரும்.

இறங்கியவுடன் வெயில் என்பது சில வேளைகளில் தவறாகப் போகும். காலை ஆறு மணிக்கு எழும் பழக்கமுள்ள ஒருவர் எட்டு மணி நேர வேறுபாடுள்ள கிழக்கு நாட்டில் காலை எட்டு மணிக்கு இறங்குகிறார் என்று கொள்வோம். அவருடைய உடலுக்கு அது நள்ளிரவு. வெப்பநிலை மிகக் குறையும் அதிகாலை நான்கு மணி, அங்கே நண்பகல் பன்னிரண்டு. அதற்கு முன் படும் ஒளி அவரைப் பின்னே தள்ளும். எனவே முதல் நாள் நண்பகல்வரை கருப்புக் கண்ணாடி, அதன்பின் நல்ல வெளிச்சம், அடுத்தடுத்த நாள்களில் அந்த எல்லையை ஒவ்வொரு மணி நேரமாக முன்னே கொண்டுவருவது என்று திட்டமிடலாம்.

20. வெளிச்சத்தால் மனச்சோர்வு குணமாகும் என்பது உண்மையா?

பகல் குறுகிய குளிர்நாடுகளில் குளிர்காலம்தோறும் திரும்ப வரும் மனச்சோர்வை 1984இல் நார்மன் ரோசந்தாலும் உடன் ஆய்வாளர்களும் விவரித்தார்கள். அதற்குக் காலையில் 10,000 லக்ஸ் விளக்கின் முன் அரை மணி நேரம் அமர்வது இன்று நிலைபெற்ற சிகிச்சை. பருவத்தோடு தொடர்பில்லாத மனச்சோர்விலும் மற்றச் சிகிச்சைகளோடு சேர்த்துப் பயன்படுத்துகிறார்கள்.

இதைத் தாமாகத் தொடங்கக் கூடாதவர்களும் உண்டு. இருமுனைக் கோளாறு உள்ளவர்களுக்குப் பிரகாசமான ஒளி மிகையெழுச்சி நிலையைத் தூண்டலாம். விழித்திரை நோய் உள்ளவர்களும், ஒளிக்கூச்சத்தை உண்டாக்கும் மருந்துகளை உட்கொள்பவர்களும் முதலில் மருத்துவரிடம் கேட்க வேண்டும்.

21. எல்லாம் செய்து பார்த்துவிட்டேன். இன்னும் தூக்கம் வரவில்லை.

எல்லாத் தூக்கக் குறைகளும் வெளிச்சத்தால் வருபவை அல்ல. பலத்த குறட்டையும் மூச்சுத் தடைப்படுவதும் இருந்தாலோ, இரவு முழுவதும் தூங்கியும் பகலில் கண் சொருகினாலோ, கால்களில் இனம்புரியாத குறுகுறுப்பு தூங்கவிடாமல் செய்தாலோ, விளக்குகளை மாற்றிக் காலத்தைக் கடத்தாமல் மருத்துவரைப் பாருங்கள்.

வாரத்தில் மூன்று இரவுகளாவது தூக்கம் வராமல் மூன்று மாதங்கள் கடந்திருந்தால் அது நாட்பட்ட தூக்கமின்மை. அதற்கு மாத்திரைகளுக்கு முன்பாகவே பரிந்துரைக்கப்படுவது, தூக்கமின்மைக்கென்றே வகுக்கப்பட்ட அறிவாற்றல் நடத்தைச் சிகிச்சை, அதாவது தூக்கம் பற்றிய எண்ணங்களையும் பழக்கங்களையும் மாற்றும் பயிற்சி. மருத்துவரிடம் போகும்போது ஒரு வாரத்துக்கு நீங்கள் தூங்கி எழுந்த நேரங்களையும், பகலில் எப்போதெல்லாம் வெளியில் இருந்தீர்கள் என்பதையும் ஒரு தாளில் எழுதி எடுத்துச் செல்லுங்கள். மருத்துவர் முதலில் கேட்கப்போவது அதைத்தான்.